கெண்டையும் 'கார்ப்'பும்: நன்னீர் மீன் பெயரொன்றின் வரலாறு

1. முன்னுரை

உயிரினப் பெயர்களை ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்குக் கொண்டுசெல்லும் மொழிபெயர்ப்பாளர், பெரும்பாலும் இருமொழி அகராதி காட்டும் ஈட்டுச் சொல்லை ஏற்றுக்கொண்டு மேலே செல்வது வழக்கம். மரம், செடி, பறவை, மீன் ஆகியவற்றின் பெயர்கள் கருத்துப் பெயர்கள் அல்ல. கண்ணால் கண்டு கையால் பிடிக்கத்தக்க பொருள்களின் பெயர்கள். ஆதலின் இவற்றில் பொருள் மயக்கம் நேர இடமில்லை என்னும் நம்பிக்கை இவ்வழக்கத்துக்கு அடிப்படையாகும். இந்நம்பிக்கை எவ்வளவு உறுதியானது என்பதைக் கெண்டை என்னும் ஒரு பெயரை எடுத்துக்கொண்டு ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கம்.

இந்தியாவின் குளம், வாய்க்கால், வயல், ஆறு ஆகிய எல்லா நன்னீர் நிலைகளிலும் பரவலாகக் காணப்படுவது கெண்டை. தமிழ்-ஆங்கில அகராதி மரபில் கெண்டைக்கும், அதனோடு சேர்த்து எண்ணப்படும் கயல், சேல் ஆகியவற்றுக்கும் 'கார்ப்' என்னும் சொல் ஈடாக நின்று வந்திருக்கிறது. பழந்தமிழ்ப் பாடல்களின் ஆங்கில மொழிபெயர்ப்புகளிலும் இச்சொல் இடம்பெறுகிறது. மறுபுறம், இன்றைய மீன்வளத் துறைத் தமிழில் 'கார்ப்' என்பதற்குத் தமிழாக்கமாகக் கெண்டை என்பதே வழங்குகிறது: சாதாக் கெண்டை, வெள்ளிக் கெண்டை, புல் கெண்டை. இரு திசையிலும் ஒரே சமன்பாடு இயங்குவதால் இரண்டும் ஒரே மீன் என்று தோன்றும். உண்மையில் சங்கப் பாடலின் கெண்டையும் மீன் பண்ணையின் கெண்டையும் வேறு வேறு உயிரினங்கள். ஒன்று விரலளவு மீன். மற்றொன்று பல கிலோ எடை வளரும் அயல்நாட்டு மீன். இச்சமன்பாடு எவ்வாறு உருவாயிற்று, அதனால் விளைந்தது யாது என்பன கீழே வரலாற்று முறையில் காட்டப்படுகின்றன.

2. கெண்டையை அடையாளம் காணல்

பெயரை ஆராயுமுன் பெயரிடப்பட்ட பொருளைத் தெளிவுபடுத்திக்கொள்வது இன்றியமையாதது. கெண்டை என்பது தனியோர் இனத்தின் பெயர் அன்று. ஒத்த வடிவுடைய பல சிற்றினங்களைத் தழுவிய வகைப்பெயர். விலங்கியலார் இவற்றைச் சிப்ரினிடே என்னும் பெருங்குடும்பத்துள் அடக்குவர். இக்குடும்பத்து மீன்களின் பொது இலக்கணங்கள் சிலவே. தாடைகளில் பல் இல்லை. தொண்டைக்குள் அமைந்த எலும்பில்தான் பற்கள் உள்ளன. தலையில் செதில் இல்லை. முதுகுத் துடுப்பு ஒன்றே. கெளிற்று மீன்களிற் காண்பது போன்ற கொழுப்புத் துடுப்பு இதற்குப் பின்னால் இருப்பதில்லை.

இக்குடும்பத்துள் கெண்டை வகையைப் பிரித்துக் காட்டுவன பக்கவாட்டில் தட்டையான, நடுவில் அகன்று இருமுனையும் குறுகிய உடல், உடலளவை நோக்கப் பெரியனவான வெள்ளி நிறச் செதில்கள், உடலின் குறித்த இடங்களில் அமைந்த கரும்புள்ளிகள் ஆகியன. ஓர் இனத்தை மற்றோர் இனத்திலிருந்து வேறுபடுத்துதற்கு நான்கு உறுப்புகளை நோக்கவேண்டும். அவை: வாயோரத்து மீசையிழைகள் உண்டா, உண்டெனில் எத்தனை என்பது, முதுகுத் துடுப்பின் முன்முள் வழவழப்பானதா, அரம்பப் பற்கள் உடையதா என்பது, பக்கக்கோடு எனப்படும் துளைவரிசை வால்வரை முழுமையாகச் செல்கிறதா, இடையில் நின்றுவிடுகிறதா என்பது, புள்ளிகள் எங்கெங்கு உள்ளன என்பது.

இம்முறையில் இந்தியா முழுவதும் பரவிய புன்டியஸ் சோஃபோரெ என்னும் கெண்டையைப் பார்ப்போம். இதற்கு மீசையிழை இல்லை, முதுகுமுள் வழவழப்பானது, பக்கக்கோடு முழுமையானது, முதுகுத் துடுப்பின் அடியில் ஒன்றும் வால் துடுப்பின் அடியில் ஒன்றுமாகக் கரும்புள்ளிகள் உண்டு. பெரும்பாலும் பத்துச் செ.மீ. அளவிலேயே இது கிடைக்கும். பெத்தியா டிக்டோ என்னும் மற்றொரு கெண்டைக்கும் மீசையிழை இல்லை. ஆயின் அதன் முதுகுமுள் அரம்பப் பற்கள் உடையது. பக்கக்கோடு பாதியில் நின்றுவிடும். புள்ளிகளில் ஒன்று செவுளுக்குப் பின்னும் மற்றொன்று வாலுக்கு அருகிலும் அமையும். சிஸ்டோமஸ் சரனா என்பது ஓர் அடிக்கு மேலும் வளரக்கூடியது. அதற்கு இரண்டு இணை மீசையிழைகள் உண்டு.

இவ்வேறுபாடுகளுள் பல, மீனைக் கையில் எடுத்து உற்று நோக்கினாலன்றித் தெரியாதவை. நீருக்கு வெளியே நின்று பார்ப்பவர்க்குத் தெரிவன வெள்ளொளியும் துள்ளலும் சிற்றளவும் மட்டுமே. பொதுவழக்குப் பெயர் தோன்றுவது இத்தோற்றத்தின் அடிப்படையில் என்பதை நினைவிற்கொள்ள வேண்டும்.

3. தமிழ்ச் சான்றுகள்

கெண்டை என்னும் சொல் எத்தகைய மீனைக் குறித்தது என்பதற்கு அகராதிகளைக் காட்டிலும் சொல் வழங்கிய இடங்களே நம்பத்தக்க சான்றாகும். அவற்றுள் மூன்றை இங்கே குறிப்பிடலாம்.

முதலாவது, குறுந்தொகை 127ஆம் பாடல். ஓரம்போகியார் பாடிய இம்மருதப் பாட்டில், குருகின் வாயில் அகப்பட்டு நீருள் மூழ்கித் தப்பிய கெண்டை ஒன்று, பக்கத்தில் நிற்கும் தாமரையின் வெண்மையான மொட்டைக் கண்டும் அஞ்சுகிறது. நாரையினத்துப் பறவை அலகால் கவ்வத்தக்க அளவினது அம்மீன் என்பது இக்காட்சிக்கு அடிப்படை. மீன் சிறியதாக இருந்தால்தான் தாமரை மொட்டு அதற்குக் குருகின் தலைபோல் தோன்றும், அஞ்சத்தக்கதாகவும் தோன்றும்.

இரண்டாவது, 'கெண்டையைப் போட்டு வராலை இழு' என்னும் பழமொழி. சிறு பொருளைக் கொடுத்துப் பெரும்பொருளை அடைதல் என்பது இதன் பொருள். தூண்டிலில் இரையாகக் கோக்கத்தக்க சிறுமீனாகக் கெண்டை இருந்தாலன்றி இப்பழமொழி பொருள்படாது. வரால் பிறமீனை விழுங்கி வாழும் மீன் என்பதும், கெண்டை அதன் இயற்கை இரை என்பதும் இதனுள் அடங்கியிருக்கின்றன.

மூன்றாவது, கெண்டைக்கால் என்னும் உறுப்புப் பெயர். முழங்காலுக்குக் கீழே பின்புறத்துத் தசை நடுவில் திரண்டு இருபுறமும் குறுகுகிறது. இவ்வடிவம் கெண்டையின் உடல்வடிவை ஒத்திருத்தலின் இப்பெயர் அமைந்தது எனக் கருதலாம். கண்ணுக்குக் கெண்டையை உவமை கூறும் இலக்கிய மரபையும் இதனோடு சேர்த்து எண்ணலாம். நடுவகன்று முனை குறுகிய வடிவு, வெள்ளொளி, நிலையின்றிப் பிறழ்தல் ஆகிய மூன்றும் அவ்வுவமையில் பொதுத்தன்மைகளாகின்றன. பெருமீன் எதற்கும் இம்மூன்றும் ஒருசேரப் பொருந்தா.

சொல்லின் தொன்மை குறித்தும் ஒரு குறிப்பு. கன்னடத்தில் இதற்கு இனமான சொல் எடுப்பொலிக் ககரத்தை முதலாகக் கொண்டு கெண்டெ என வழங்குகிறது. தொல்திராவிடத்தின் மொழிமுதற் ககரம் இ, எ முதலிய முன்னுயிர்களின்முன் தமிழில் சகரமாகத் திரிவது பொதுவிதி. நாவளை மெய் தொடர்ந்து வரின் ககரம் திரியாது நிற்கும் என்பது அவ்விதிக்குப் புறனடை. கிளி, கெடு ஆகியன இதற்குக் காட்டுகள். கெண்டை என்பதும் அப்புறனடையோடு பொருந்தி நிற்கிறது. ஆகவே இது பிற்காலத்து வரவன்று. தென்மொழிகளுக்குரிய பழஞ்சொல் எனக் கொள்ளத் தடையில்லை.

4. வடமொழிப் பெயர்களும் அகராதி வட்டமும்

கெண்டையின் அறிவியற் பெயர் தமிழகத்திலிருந்து செல்லவில்லை, வங்கத்திலிருந்து சென்றது. ஆகவே இனி வடபுலத்து வழக்கை நோக்குதல் வேண்டும்.

வடமொழியில் இவ்வகை மீனுக்குச் சபரம் அல்லது சபரீ, புரோஷ்டீ என்னும் பெயர்கள் உண்டு. அமரகோசம் இவ்விரண்டையும் ஒருபொருட் சொற்களாகத் தருகிறது. காளிதாசரின் மேகதூதத்தில் கம்பீரா என்னும் ஆறு ஒரு பெண்ணாக உருவகிக்கப்படுமிடத்து, துள்ளும் சபர மீன்களே அவளுடைய பார்வைகளாகக் கூறப்படுகின்றன. தமிழில் கெண்டை பெற்ற இடத்தையே வடமொழியில் சபரம் பெற்றிருக்கிறது. இரண்டு மரபுகளும் ஒரே வகை மீனை ஒரே தன்மை பற்றி நோக்கின என்பதற்கு இது நல்ல சான்று. அசாமியப் புட்டி, வங்கப் புட்டி, பீகாரின் போட்டியா ஆகிய இக்காலப் பெயர்களைப் புரோஷ்டீ என்பதனோடு மொழிநூலார் தொடர்புபடுத்துவர்.

சபரம் என்னும் சொல்லுக்கு மோனியர் வில்லியம்சின் வடமொழி-ஆங்கில அகராதி தரும் பொருளை நோக்கினால் ஒரு வட்டம் புலப்படும். ஆழமற்ற நீரில் பாயும்போது மின்னும் ஒளியுள்ள சிறுமீன் என்று விளக்கும் அவ்வகராதி, அம்மீனின் அடையாளமாக விலங்கியற் பெயர் ஒன்றையும் தருகிறது. சிறிது எழுத்து வேறுபாட்டுடன் அது 1822இல் ஹாமில்டன் சூட்டிய சோஃபோரெ என்னும் பெயரே. சோஃபோரெ என்பதோ, சபரீ என்னும் சொல்லை அகரத்தை ஒகரச் சாயலுடன் ஒலிக்கும் வங்கத்தார் வாயிலாகக் கேட்டு எழுதியது எனக் கருதத்தக்கது. அஃதாயின், மக்கள் வழக்கிலிருந்து அறிவியலுக்குச் சென்ற சொல், அறிவியலின் சான்றாக அகராதிக்குத் திரும்பி வந்து தன் மூலச்சொல்லுக்கே பொருளாகி நிற்கிறது. அகராதியில் இலத்தீன் பெயரைக் காணும் மொழிபெயர்ப்பாளர் அதனைத் தனித்த அறிவியற் சான்றாகக் கொள்வர். ஆனால் அது பல இடங்களில் வட்டார வழக்கின் மறுபதிவே.

5. ஹாமில்டனும் வங்கத்தின் இருசொற் பெயர்களும்

பிரான்சிஸ் புக்கானன் (1762–1829) கிழக்கிந்தியக் கம்பெனியின் மருத்துவராகப் பணியாற்றியவர். 1800–1801இல் மைசூர், கன்னடம், மலபார்ப் பகுதிகளை ஆய்ந்து எழுதிய பயணநூலால் தென்னிந்திய வரலாற்று மாணவர்க்கு அறிமுகமானவர். 1807 முதல் 1814 வரை வங்க மாகாணத்தின் மாவட்டங்களை விரிவாக ஆய்வு செய்தார். பின்னர் தாய்வழிச் சொத்துரிமை பற்றி ஹாமில்டன் என்னும் பெயரை ஏற்றார். 1822இல் எடின்பரோவில் வெளிவந்த அவருடைய கங்கை மீன்கள் பற்றிய நூல், 39 படத்தகடுகளுடன், இந்திய நன்னீர் மீனியலுக்கு அடிப்படையாயிற்று.

இந்நூலில் மொழியியலார் கருதத்தக்கது அவர் பெயரிட்ட முறையாகும். கிரேக்க, இலத்தீன வேர்களிலிருந்து பெயர் புனைதல் அக்கால வழக்காயிருக்க, ஹாமில்டன் மீனவரும் ஊராரும் சொன்ன பெயர்களையே இலத்தீன ஈறு கூட்டி ஏற்றார். ரோகிதா, கட்லா, மிருகாலா என்னும் இனப்பெயர்கள் இவ்வாறு அமைந்தவை. சிறுகெண்டைத் தொகுதிக்கு அவர் இட்ட புன்டியஸ் என்னும் பெயர் வங்கப் புட்டி என்பதிலிருந்து வந்தது. அவ்வங்கச் சொல்லின் முதலுயிர் மூக்கொலியுடையது. அம்மூக்குயிர் இலத்தீன எழுத்தில் தனி மெய்யாகி நின்றமையால் புன்டியஸ் என்னும் வடிவம் பிறந்தது.

வங்க வழக்கில் புட்டி என்பது தலைச்சொல். அதன்முன் அடைமொழி சேர்ந்து இனங்கள் பிரிக்கப்படும். காஞ்சன் புட்டி (பொன்), தித் புட்டி (கசப்பு), சர் புட்டி முதலியன அவ்வாறு வந்தவை. இவற்றின் அடைமொழிகளே ஹாமில்டன் நூலில் கான்கோனியஸ், டிக்டோ, சரனா எனும் இனப்பெயர்களாகக் காணப்படுகின்றன. லின்னேயஸ் வகுத்த இருசொற் பெயரீட்டில் பேரினப் பெயர் முன்னும் இனப்பெயர் பின்னுமாக வரும். வங்க வழக்கில் இவ்வரிசை மாறி நிற்கிறது என்பதே வேறுபாடு. வகைப்பெயர், சிறப்படை என்னும் அமைப்பு இரண்டுக்கும் பொது. தமிழில் அடைமொழியோடு கெண்டை என முடியும் பெயர்களும் இவ்வமைப்பினவே.

மேலும் ஒன்று குறிப்பிடத்தக்கது. இன்று புன்டியஸ் சோஃபோரெ எனப்படும் மீனை வங்கத்தார் ஜாத் புட்டி என்பர். இனத்துக்கு உரியது, அசலானது என்பது ஜாத் என்னும் அடையின் பொருள். ஒரு வகைப்பெயரின் கீழ் அடங்கும் உறுப்புகளுள் ஒன்று நடுநாயகமாகவும் ஏனையவை அதனைச் சுற்றியனவாகவும் அமைதலைப் பொருண்மையியலார் முன்மாதிரிக் கோட்பாட்டால் விளக்குவர். அதற்கு இப்பெயரைக் காட்டிலும் தெளிவான எடுத்துக்காட்டு அரிது. விலங்கியலாரும் புன்டியஸ் பேரினத்தின் வகைமாதிரி இனமாகச் சோஃபோரெயையே கொண்டுள்ளனர். மீனவர் வகைப்பாடும் நூல் வகைப்பாடும் இங்கே ஒன்றையொன்று சந்திக்கின்றன.

ஹாமில்டனுக்காகப் படம் வரைந்தவருள் ஹலுதர் என்னும் வங்க ஓவியர் ஒருவர். 1815இல் ஹாமில்டன் இந்தியாவை விட்டுச் சென்றபோது ஓவியங்கள் பல கல்கத்தாவில் தங்கிவிட்டன. சுந்தர்லால் ஹோரா (1896–1955) 1929இல் இந்நூலைப் பயில்வார்க்குத் துணையாக ஒரு கட்டுரையை வெளியிட்டார். விலங்கியலாராகிய அவர், வடமொழி மீன் பெயர்களையும் சாளுக்கிய மன்னன் மூன்றாம் சோமேசுவரனின் மானசோல்லாசத்தில் உள்ள மீன்பிடிப் பகுதியையும் ஆராய்ந்து எழுதியவர். மீன் பெயராய்வில் மொழிநூலும் விலங்கியலும் கைகோத்துச் செல்லவேண்டும் என்பதற்கு அவர் வழிகாட்டியாவார்.

6. 'கார்ப்' புகுந்த வழி

புட்டியும் கெண்டையும் 'கார்ப்' ஆனது எப்படி? ஹாமில்டன் புன்டியசைத் தனிப்பேரினமாக வைக்கவில்லை. சிப்ரினஸ் என்னும் பேரினத்தின் உட்பிரிவாகவே வைத்தார். சிப்ரினஸ் லின்னேயஸ் 1758இல் அமைத்த பேரினம். ஐரோப்பியக் குளங்களில் வளர்க்கப்பட்ட சிப்ரினஸ் கார்பியோ அதனுள் அடங்கும். அக்காலத்தில் சிப்ரினஸ் மிகப் பரந்த எல்லையுடையது. தாடைப்பல் இல்லாத செதில் மீன்கள் பலவும் அதனுள் சேர்க்கப்பட்டிருந்தன. ஆங்கிலேயர்க்குச் சிப்ரினஸ் என்றதும் நினைவுக்கு வருவது 'கார்ப்' ஆதலின், சிப்ரினஸ் எனக் குறிக்கப்பட்ட இந்திய மீன்கள் அனைத்தும் அகராதிகளில் 'ஒருவகைக் கார்ப்' ஆயின எனக் கருதலாம். விலங்கியலில் சிப்ரினஸ் பின்னர்ச் சுருங்கிவிட்டது. அகராதியில் 'கார்ப்' சுருங்கவில்லை.

பிரான்சிஸ் டே 1875–1878இல் வெளியிட்ட இந்திய மீன்கள் பற்றிய பெருநூலில் இம்மீன்களைப் பார்பஸ் என்னும் பேரினத்தில் வைத்து, மீசையிழை நான்கு, இரண்டு, இன்மை என்னும் அடிப்படையில் முப்பிரிவாக்கினார். இனந்தோறும் தமிழ், தெலுங்கு, வங்கம் முதலிய மொழிப் பெயர்களைச் சேகரித்துத் தந்தமை அந்நூலின் சிறப்பு. பார்பஸ் என்பது தாடியைக் குறிக்கும் பார்பா என்னும் இலத்தீனச் சொல்லடியாகப் பிறந்தது. இதிலிருந்து வந்த 'பார்ப்' என்னும் ஆங்கிலப் பெயர் இன்று கெண்டை வகைக்கு வழங்குகிறது. தாடியில்லாத சோஃபோரெயும் இப்பெயரையே பெறுகிறது. இம்மீன் வாலடிப் புள்ளி காரணமாகப் பார்பஸ் ஸ்டிக்மா என்ற பெயராலும் நெடுங்காலம் வழங்கிற்று. அறிவியற் பெயர் நிலைத்தது, வழக்குப் பெயர் நிலையற்றது என்னும் கருத்தும் இங்கே பொருந்தவில்லை. பேரினப் பெயர் சிப்ரினஸ், பார்பஸ், புன்டியஸ் என மாறிய காலமெல்லாம் வங்கத்தில் அது புட்டியாகவே இருந்து வந்திருக்கிறது.

7. பெயர் இடம்மாறியது

1939இல் சிப்ரினஸ் கார்பியோவின் ஜெர்மானிய வகை இலங்கையிலிருந்து உதகமண்டலத்துக்குக் கொண்டுவரப்பட்டது. 1957இல் அதன் ஆசிய வகை பாங்காக்கிலிருந்து கட்டாக்குக்கு வந்தது. அதே 1957ஆம் ஆண்டு சூலை 10 அன்று ஒரிசாவின் அங்குலில் ஹீராலால் சௌத்ரியும் அவருடன் பணியாற்றியோரும் பிட்யூட்டரிச் சாற்றை ஊசிவழிச் செலுத்திப் பெருமீன்களைச் செயற்கையாக இனப்பெருக்கம் செய்வதில் வெற்றி கண்டனர். அந்நாள் இன்று தேசிய மீன் வளர்ப்போர் நாளாகக் கொண்டாடப்படுகிறது. 1959இல் வெள்ளிக் கெண்டை ஜப்பானிலிருந்தும் புல் கெண்டை ஹாங்காங்கிலிருந்தும் வந்து சேர்ந்தன. 1971இல் தொடங்கிய அனைந்திந்திய ஒருங்கிணைந்த ஆய்வுத் திட்டத்தின் வழியாக, கட்லா, ரோகு, மிர்கால் ஆகிய மூன்று உள்நாட்டு மீன்களையும் மேற்கூறிய மூன்று அயல்நாட்டு மீன்களையும் ஒரே குளத்தில் வளர்க்கும் கூட்டு மீன் வளர்ப்பு முறை நாடெங்கும் பரவிற்று.

புதிய மீன்களுக்குப் புதிய பெயர்கள் வேண்டியிருந்தன. இந்திய மொழிகள் இத்தேவையை வெவ்வேறு வழிகளில் நிறைவு செய்தன. வங்கம் சில்வர் கார்ப், கிராஸ் கார்ப் எனச் சொற்களை அப்படியே கடன் பெற்றது. தெலுங்கு புதுப்பெயர் அமைத்தது: சாதாக் கெண்டைக்குப் பங்காரு தீக (பொற்கொடி), புல் கெண்டைக்குக் கட்டி சேப (புல் மீன்). தமிழும் கன்னடமும் தம் பழைய சிறுமீன் பெயரை நீட்டித்தன: தமிழில் புல் கெண்டை, வெள்ளிக் கெண்டை, கன்னடத்தில் ஹுல்லு கெண்டெ, பெள்ளி கெண்டெ. அகராதிகள் முன்பே நிறுவிவைத்த 'கெண்டை = கார்ப்' என்னும் சமன்பாடு இங்கே மறுதிசையில் பயன்பட்டது. கட்லா முதலிய மூன்றுக்கும் பொதுவாக அமைந்த 'இந்தியப் பெருங்கெண்டை' என்னும் தொடர் நோக்கத்தக்கது. பெருமை என்னும் அடை தேவைப்பட்டமையே, அடையின்றி நிற்கும் கெண்டை சிறுமீன் என்னும் மொழியுணர்வு மறையாதிருந்தமைக்குச் சான்று.

சொல் நீட்டிப்பு மொழிகளில் இயல்பானது. அதனைக் குறை கூறுவதற்கில்லை. ஆனால் இந்நீட்டிப்போடு வேறொன்றும் நிகழ்ந்தது. மீன்குஞ்சு விடுமுன் குளத்திலுள்ள பழைய மீன்களை அழித்துவிடவேண்டும் என்பது பண்ணை முறையின் விதி. வரால், கெளிறு முதலியன குஞ்சுகளைத் தின்னும் பகைமீன்கள் எனவும், புன்டியஸ் முதலிய சிறுமீன்கள் உணவுக்கும் இடத்துக்கும் போட்டியிடும் களைமீன்கள் எனவும் வகுக்கப்பட்டன. இவற்றை ஒழிக்க எக்டேருக்கு, ஒரு மீட்டர் ஆழ நீருக்கு, 2500 கிலோ இலுப்பைப் புண்ணாக்கு இடுமாறு கையேடுகள் அறிவுறுத்தின. அப்புண்ணாக்கிலுள்ள சப்போனின் மீன்களைக் கொல்லும். சில வாரங்களில் சிதைந்து எருவாகும்.

இதன் மொழியியல் விளைவைச் சுருக்கிக் கூறலாம். இரண்டாயிரம் ஆண்டுகளாகக் கெண்டை எனப்பட்ட மீன், பண்ணைத் தமிழில் 'களைமீன்' ஆயிற்று. கெண்டை என்னும் பெயர், அதனை அகற்றிய குளத்தில் விடப்பட்ட அயல்மீனுக்கு உரியதாயிற்று. முன்னைய மீனுக்குத் தனிப்பெயர் இல்லாத துறை நூல்களில் அது 'இதர சிறுமீன்' என்னும் தொகுதியுள் மறைகிறது. பெயரின்றிப் பதிவில்லை, பதிவின்றிக் கணக்கில்லை. முள்ளோடு முழுதாக உண்ணப்படுதலின் சுண்ணாம்புச் சத்துக்குச் சிறந்த மூலமாக உள்நாட்டுச் சிறுமீன்களை ஊட்டவியலார் இக்காலத்தில் மதிக்கத் தொடங்கியுள்ளனர். இந்நிலையில் அவற்றை அவற்றின் பெயரால் அழைப்பது பயனுள்ள செயலாகும்.

8. அண்மைக்கால மறுவகைப்பாடு

2012இல் பெத்தியகொட, மேகஸ்கும்புர, மதுவகே ஆகிய இலங்கை ஆய்வாளர் மூவர் தெற்காசியப் புன்டியஸ் மீன்களை ஐந்து பேரினங்களாகப் பிரித்தனர். புன்டியஸ், சிஸ்டோமஸ் ஆகிய பழம்பெயர்களோடு டாக்கின்சியா, திராவிடியா, பெத்தியா என்னும் புதுப்பெயர்கள் தோன்றின. பெத்தியா என்பது இவ்வகைச் சிறுமீனுக்குச் சிங்களத்தில் வழங்கும் பெயர். தென்னிந்திய மீன்களுக்கு இட்ட திராவிடியா என்னும் பெயர் ஈயினம் ஒன்றுக்கு முன்பே சூட்டப்பட்டிருந்தமையால், 2013இல் அது ஹலுதாரியா என மாற்றப்பட்டது. ஹாமில்டனுக்குப் படம் வரைந்த ஹலுதரின் பெயர் இவ்வாறு ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப்பின் மீனியலில் இடம்பெற்றது.

இம்மறுவகைப்பாடு மொழிபெயர்ப்பாளர்க்குத் தரும் பாடம் ஒன்று உண்டு. 'கெண்டை' என்பதற்குப் 'புன்டியஸ்' என்று குறிப்பெழுதிய நூல்கள் 2012க்குப் பின் பகுதியளவே பொருந்துவனவாகிவிட்டன. கெண்டை என்னும் வழக்குச் சொல்லின் எல்லையோ மாறவில்லை. எனவே அறிவியற் பெயரை அடிக்குறிப்பில் தரும்போது இனமுறுதி இல்லாதவிடத்துப் பேரினத்தைக் கூறுவதைவிட, 'சிப்ரினிடே குடும்பத்துச் சிறு வெள்ளி மீன்கள்' என விரித்துக் கூறுவதே பாதுகாப்பானது.

9. மொழிபெயர்ப்பாளர் கருதவேண்டியன

மேற்கண்டவற்றிலிருந்து பெறப்படும் நடைமுறைக் கருத்துகள் நான்கு.

அ. காலத்தை நோக்குக. 1939க்கு முற்பட்ட தமிழ்ப் பனுவலில் வரும் கெண்டை எதுவும் சிப்ரினஸ் கார்பியோ ஆகாது. பழம்பாடலை ஆங்கிலமாக்குவோர் 'கார்ப்' என்று எழுதின், ஆங்கில வாசகர் காண்பது சேற்றைக் கிளறி உண்ணும் பருத்த மீனை. குருகின் வாயினின்று தப்பியதை அன்று. 'பார்ப்' என்பது இனத்தால் நெருங்கியதாயினும் அம்பு, தூண்டில் ஆகியவற்றின் முள்ளையும் நினைவூட்டுவது. கெண்டை என்றே எழுதி, முதல் வருகையில் சிறு வெள்ளி மீன் எனத் தொடருள்ளேயே விளக்கிச் செல்லுதல் தக்கது.

ஆ. இந்திய மொழிகளுக்கிடையில் பெயர்க்கும்போது ஆங்கிலத்தை இடைநிலையாகக் கொள்ளுதல் தவிர்க்கத்தக்கது. தமிழ்க் கெண்டைக்கு வங்கத்தில் புட்டி, அசாமியத்தில் புட்டி, ஒரியாவில் கேராண்டி, மலையாளத்தில் பரல், கன்னடத்தில் கெண்டெ என நேர்ப்பெயர்கள் உள்ளன. வங்கக் கதையொன்றில் ஏழை வீட்டில் புட்டி மீன் குழம்பு வைத்தால், ஆங்கில வழி வரும் தமிழாக்கத்தில் அது 'கார்ப் மீன்' ஆகிவிடும். உண்போரின் நிலையே அதனால் மாறித் தோன்றும்.

இ. மீன்வளத் துறைப் பனுவல்களில் சாதாக் கெண்டை, புல் கெண்டை என்பன வேரூன்றிவிட்ட கலைச்சொற்கள். அவற்றை மாற்ற முயல்வது வீண். ஆனால் அத்தகைய பனுவல்களில் உள்நாட்டுச் சிறுமீன் குறிக்கப்படுமிடத்துக் களைமீன் என்னும் பயன்பாட்டுப் பெயரோடு நில்லாமல், நாட்டுக் கெண்டை எனவேனும் அடைகொடுத்து எழுதலாம்.

ஈ. கயல், சேல், கெண்டை ஆகிய மூன்றும் ஒரே பாட்டில் அல்லது அடுத்தடுத்த பாட்டுகளில் வரும்போது மூன்றுக்கும் ஒரே ஈடு கொடுத்தல் கூடாது. கண்ணுக்கு உவமையாகும்போது இவை ஒருபொருள் போல் நிற்பினும், மருதநில வருணனைகளில் புலவர் வேறு வேறு சொல்லை எடுத்தாள்வது காரணத்தோடு கூடியதாகவும் இருக்கலாம். அளவு, வாழிடம், செயல் ஆகியவை பாட்டினுள் எவ்வாறு கூறப்படுகின்றன என்று நோக்கியே முடிவு செய்யவேண்டும்.

10. முடிவுரை

கெண்டை என்னும் பெயரின் வரலாறு மூன்று செய்திகளைத் தெளிவுபடுத்துகிறது. வழக்குப் பெயர் ஒரு வகையைச் சுட்டுவது. அறிவியற் பெயர் ஓர் இனத்தைச் சுட்டுவது. இவ்விரண்டையும் அகராதியில் ஒரே வரியில் நிறுத்துவதால் அவை சமமாகிவிடா. அறிவியற் பெயர்களிற் பல மீனவர் வாய்மொழியிலிருந்தே பிறந்தவை. அவர்களது வகைப்பாட்டு அறிவின் பதிவுகள் அவை. அகராதி ஈடுகள் சொல்லை விளக்குவதோடு நில்லாமல், காலப்போக்கில் சொல்லின் பொருளையே மாற்றவும் வல்லவை. பத்தொன்பதாம் நூற்றாண்டு அகராதி மரபில் நின்ற 'கார்ப்' என்னும் ஈடு, இருபதாம் நூற்றாண்டில் கெண்டையின் பெயரை வேறு மீனுக்கு உரிமையாக்கியதே இதற்குச் சான்று.

கயல், சேல், ஆரல், அயிரை, கெளிறு, வாளை முதலிய ஏனைய நன்னீர் மீன் பெயர்களுக்கும் இவ்வாறு தனித்தனி வரலாறு எழுதப்படவேண்டும். பனுவற் சான்று, இன்றைய மீனவர் வழக்கு, மீனை நேரில் கண்டு செய்யும் அடையாளம் ஆகிய மூன்றையும் ஒருங்கு வைத்துத் தொகுக்கும் பன்மொழி மீன் பெயரகராதி ஒன்று உருவாகுமாயின், அது மொழிபெயர்ப்பாளர்க்கும் மீனியலார்க்கும் ஒருசேரப் பயன்படும்.